பிறை ஒரு கணக்கு, விளைச்சல் ஒரு கணக்கு

ஹிஜ்ரி 725, ரஜப் பிறை 2, வியாழக்கிழமை. மொராக்கோவின் தஞ்சீர் நகரிலிருந்து ஒரு வாலிபர் ஹஜ்ஜுக்குக் கிளம்புகிறார். பேச்சுத்துணைக்கு ஓர் ஆள் இல்லை, சேர்ந்துபோக ஒரு பயணக் கூட்டமும் இல்லை. பெற்றோரைப் பிரிந்த துயரம் மட்டும் கூட வருகிறது. அவர்தான் இப்னு பதூதா. பின்னாளில் டெல்லி, மாலத்தீவு, இலங்கை என்று சுற்றி நம் மதுரை வரைக்கும் வந்தவர். ஊரைவிட்டுக் கிளம்பிய அன்று தனக்கு 22 வயது என்று பயண நூலில் சொல்கிறார்.

அவர் பிறந்தது ஹிஜ்ரி 703, ரஜப் பிறை 17. 725-இலிருந்து 703-ஐக் கழித்தால் 22. கணக்கு சரி. இப்போது அதே இரண்டு தேதிகளையும் ஆங்கில ஆண்டில் எழுதிப் பாருங்கள். பிறந்தது 1304 பிப்ரவரி 24. கிளம்பியது 1325 ஜூன் மாதத்தின் நடுவில். அவருக்கு 21 வயது முடிந்து மூன்றரை மாதம்தான் ஆகிறது. இரண்டு தேதிக்கும் நடுவில் சுமார் 7,780 நாட்கள் என்பதில் யாருக்கும் தகராறில்லை. அந்த நாட்களை நிலவைக் கொண்டு அளந்தால் ஏறக்குறைய 22 ஆண்டு, சூரியனைக் கொண்டு அளந்தால் 21.

இடைக்கால இஸ்லாமிய வரலாற்றை வாசிக்க உட்காருகிறவர்களுக்கு வரும் குழப்பங்களில் பெரும்பகுதி இந்த ஓர் இடத்திலிருந்தே கிளம்புகிறது என்பது என் அனுபவம். ஹிஜ்ரி ஆண்டு சூரியனோடு தன் கணக்கை முழுதாக முறித்துக்கொண்ட ஆண்டு. யூதர்களும் நிலவு பார்த்துத்தான் மாதம் எண்ணுகிறார்கள். ஆனால் சில ஆண்டுகளுக்கு ஒரு முறை பதின்மூன்றாம் மாதம் ஒன்றைச் சேர்த்துப் பருவத்தோடு ஒட்டிக்கொள்கிறார்கள். தெலுங்குப் பஞ்சாங்கத்தில் வரும் அதிக மாசமும் அதற்குத்தான். ஹிஜ்ரியில் அந்த ஒட்டுவேலை கிடையாது. ஒரு பிறைக்கும் அடுத்த பிறைக்கும் நடுவில் சராசரியாக 29.53 நாள். அப்படிப் பன்னிரண்டு சேர்ந்தால் 354 நாள். சூரிய ஆண்டைவிட 11 நாள் குறைவு. இப்படியே குறைந்துகொண்டு போய், சூரியக் கணக்கில் 32 ஆண்டு ஆவதற்குள் ஹிஜ்ரியில் 33 ஆண்டு ஓடிவிடுகிறது.

அதனால் ஹிஜ்ரி எண்ணோடு 622-ஐக் கூட்டினால் கி.பி. ஆண்டு வந்துவிடும் என்று நினைப்பது பெரிய பிழையில் கொண்டுபோய் விடும். பாக்தாத் மங்கோலியர் கையில் விழுந்தது ஹிஜ்ரி 656-இல். 622-ஐக் கூட்டினால் 1278. உண்மையில் அது நடந்தது 1258-இல். இருபது ஆண்டு பிசகு என்பது ஒரு தலைமுறை. சரியான வழி இது: ஹிஜ்ரி எண்ணை 33-ஆல் வகுத்து, வந்ததை அதிலிருந்தே கழித்துவிட்டு, அப்புறம் 622-ஐக் கூட்ட வேண்டும். 656-ஐ 33-ஆல் வகுத்தால் ஏறக்குறைய 20. மீதி 636. அதோடு 622 சேர்ந்தால் 1258.

இதுவும் ஆண்டு வரைக்கும்தான். ஹிஜ்ரி 583 தொடங்கியது 1187 மார்ச் 13-இல், முடிந்தது 1188 மார்ச் 1-இல். வரலாற்றாசிரியர் ஒருவர் மாதம் சொல்லாமல் 583 என்று மட்டும் எழுதியிருந்தால், அந்த நிகழ்ச்சி 1187-இலும் நடந்திருக்கலாம், 1188-இன் தொடக்கத்திலும் நடந்திருக்கலாம். ஆய்வு நூல்களில் 583/1187–88 என்று சாய்கோடு போட்டு எழுதுவது இந்த நேர்மைக்காகத்தான். இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். 1582-க்கு முந்தைய தேதிகளை ஜூலியன் நாட்காட்டியில் சொல்வதுதான் வழக்கம். இணையத்தில் கிடைக்கும் தேதி மாற்றிகளில் சில, இன்றைய கிரெகோரியன் கணக்கைப் பழைய காலத்துக்கும் நீட்டி விடை சொல்கின்றன. பன்னிரண்டாம் நூற்றாண்டில் இரண்டுக்கும் ஏழு நாள் வித்தியாசம். ஏழு நாள் என்பதால் கிழமை மாறாது, பிழையும் கண்ணில் படாது.

சூரியனோடு ஏன் முறித்துக்கொள்ள வேண்டும்? இஸ்லாத்துக்கு முந்தைய அரபு நாட்டில் 'நஸீ' என்றொரு வழக்கம் இருந்தது. அவ்வப்போது மாதங்களைத் தள்ளிவைப்பார்கள் அல்லது ஒரு மாதத்தைக் கூடுதலாகச் சேர்ப்பார்கள். அதை அறிவிக்கும் உரிமை கினானா குலத்தாரிடம் இருந்தது. போர் கூடாத புனித மாதம் எப்போது, ஹஜ் எப்போது, சந்தை எப்போது என்பதெல்லாம் அந்த அறிவிப்பில் அடங்கியிருந்ததால் அது ஓர் அதிகாரம். குர்ஆனின் ஒன்பதாம் அத்தியாயம் மாதங்கள் பன்னிரண்டு என்று வரையறுத்து, நஸீயைக் கண்டித்தது. ஹிஜ்ரி 10-இல் நபிகள் நாயகத்தின் இறுதி ஹஜ்ஜோடு அந்த வழக்கம் முற்றிலும் நின்றது. அதன் பின் பிறை பார்க்கத் தெரிந்த எவரும் மாதத்தைத் தானே அறியலாம். யாருடைய அறிவிப்புக்கும் காத்திருக்கத் தேவையில்லை.

மாதப் பெயர்களில் மட்டும் பழைய பருவங்கள் தங்கிவிட்டன. ரபீஉ என்றால் வசந்தம். ரமழானின் வேர்ச்சொல்லில் சுட்டெரிக்கும் வெப்பம் இருக்கிறது. ஜுமாதாவில் உறைபனியின் சாயல் இருக்கிறது. இன்று ரமழான் டிசம்பரிலும் வரும், ஜூனிலும் வரும்.

நஸீ வாசகருக்கு இன்னொரு சிக்கலையும் வைத்துவிட்டுப் போயிருக்கிறது. பத்ருப் போர் ஹிஜ்ரி 2, ரமழான் பிறை 17, வெள்ளிக்கிழமை என்பது மரபான செய்தி. ஹிஜ்ரித் தேதியைக் கி.பி. தேதியாக மாற்றித் தரும் இன்றைய அட்டவணையில் போட்டுப் பார்த்தால் அந்தத் தேதி 624 மார்ச் 13 ஆகிறது. அது செவ்வாய்க்கிழமை. வெள்ளிக்கும் செவ்வாய்க்கும் உள்ள இடைவெளியைப் பிறை பார்த்ததில் ஏற்பட்ட வித்தியாசம் என்று சொல்லிவிட முடியாது. ஹிஜ்ரி 10 வரை ஏதோ ஒரு வகையில் நஸீ நடைமுறையில் இருந்திருந்தால், அந்தப் பத்தாண்டுகளின் தேதிகளை நம் அட்டவணைகள் சரியாகக் காட்டாது. அதனால்தான் முதல் பத்தாண்டுத் தேதிகளை அறிஞர்கள் இன்றும் விவாதிக்கிறார்கள். அந்த ஆண்டுகளைப் பற்றி வாசிக்கும்போது, கி.பி. தேதியை அடைப்புக்குறிக்குள் போட்டிருந்தால் அதைத் தோராயம் என்று வைத்துக்கொள்வதே நல்லது.

இத்தனைக்கும் 'ஹிஜ்ரி' என்ற ஆண்டு எண்ணிக்கையே நபிகளாரின் காலத்தில் இல்லை. அது பிறந்தது ஓர் அலுவலகச் சிக்கலில். கலீஃபா உமரின் ஆட்சியில் அரசு பெரிதாகிவிட்டது. கடிதங்களும் கடன் சீட்டுகளும் வந்து குவிகின்றன. ஆளுநர் அபூ மூஸா அல்-அஷ்அரி, உங்களிடமிருந்து வரும் கடிதங்களில் தேதியே இல்லை என்று எழுதினாராம். ஷஅபான் மாதத்தில் திருப்பித் தர வேண்டிய கடன் என்று எழுதிய சீட்டு ஒன்று உமரின் கைக்கு வந்தபோது, எந்த ஷஅபான், போனதா வருவதா என்று அவர் கேட்டதாகவும் சொல்வார்கள். ஹிஜ்ரி 17-ஐ ஒட்டி, அதாவது கி.பி. 638 வாக்கில், தோழர்களைக் கூட்டி ஆலோசித்தார். நபியின் பிறப்பு, இறைச்செய்தி வந்த ஆண்டு, மறைவு, மக்காவிலிருந்து மதீனா சென்ற ஹிஜ்ரத் என்று பல யோசனைகள் வந்தன. ஹிஜ்ரத் தேர்வானது. ஆனால் நபிகள் மதீனா போய்ச் சேர்ந்தது ரபீஉல் அவ்வலில். ஆண்டை அங்கிருந்து தொடங்காமல், ஹஜ் முடிந்து மக்கள் ஊர் திரும்பும் முஹர்ரமிலிருந்தே தொடங்கினார்கள். ஆகவே முதல் நாள் என்று நாம் சொல்லும் 622 ஜூலை 16, ஹிஜ்ரத் நடந்த நாள் அல்ல. அந்தப் பயணம் நடந்தது செப்டம்பரில். பல நூல்களில் இந்த இரண்டையும் ஒன்றாக்கி எழுதியிருப்பதைப் பார்த்திருக்கிறேன்.

சரி, நாளுக்கு வருவோம். ஹிஜ்ரி நாள் சூரியன் மறையும்போது தொடங்குகிறது. நம் ஊர் முஸ்லிம் பெரியவர்கள் 'வெள்ளி இரவு' என்றால் அது வியாழன் மாலை மஃரிபுத் தொழுகைக்குப் பிந்தைய இரவு. பழைய அரபு நூல்களிலும் அதே பேச்சுதான். வெள்ளி இரவு இறந்தார் என்று இருந்தால், நம் கணக்கில் வியாழன் இரவு. இதைக் கவனிக்காமல் தேதியை மாற்றினால் ஒரு நாள் தவறிவிடும். அடுத்து, பிறை. டமாஸ்கஸில் மேகம் மூடியிருக்கும், கெய்ரோவில் வானம் தெளிந்திருக்கும். ஒரு நகரத்தில் மாதம் 29 நாளில் முடியும், மற்றதில் 30. வானியலாளர்கள் கணக்குக்காக ஒரு சீரான அட்டவணை வைத்திருந்தார்கள். 30 ஆண்டில் 11 ஆண்டுகளுக்கு ஒரு நாள் கூடுதல், மொத்தம் 10,631 நாள். நிலவின் உண்மையான ஓட்டத்தோடு ஒப்பிட்டால் 30 ஆண்டில் ஒரு நாளின் நூறில் ஒரு பங்குதான் பிசகும். அருமையான கணக்கு. கெய்ரோவை ஆண்ட ஃபாத்திமியர் இந்த மாதிரிக் கணக்கையே மார்க்க விஷயங்களுக்கும் பயன்படுத்தினார்கள். அவர்கள் வழியில் வந்த போரா சமூகத்தார் இன்றும் பின்பற்றுகிறார்கள். மற்ற எல்லா இடத்திலும் மாதத்தைத் தொடங்கி வைத்தது கண்ணால் கண்ட பிறைதான். நாம் இன்று பயன்படுத்தும் தேதி மாற்றிகளோ அந்தச் சீரான அட்டவணையில் இயங்குகின்றன. ஒரு நாள் முன்பின் என்பது இதில் இயல்பாகவே உண்டு.

அதனால் பழைய நூலில் தேதியோடு கிழமையும் இருந்தால் அது பொக்கிஷம். மாதம் ஊருக்கு ஊர் மாறலாம், ஆண்டெண் நாட்டுக்கு நாடு மாறலாம். ஏழு நாள் வாரம் மட்டும் எங்கும் அறுபடாமல் வந்திருக்கிறது. தேதியும் கிழமையும் முட்டினால் கிழமையை நம்பு என்பது இந்தத் துறையில் எழுதாத விதி. இப்னு பதூதாவிடமே இதைச் சோதிக்கலாம். அவர் பிறந்தது திங்கட்கிழமை என்று, நூலைக் கேட்டு எழுதிய இப்னு ஜுஸய் குறித்திருக்கிறார். அட்டவணையும் திங்கள் என்கிறது. பொருந்திவிட்டது. ஊரைவிட்டுக் கிளம்பிய ரஜப் பிறை 2-ஐ அவர் வியாழன் என்கிறார். அட்டவணை வெள்ளி என்கிறது, 1325 ஜூன் 14. விதிப்படி வியாழனை எடுத்துக்கொண்டு ஜூன் 13 என்று திருத்த வேண்டும். ஆனால் அந்த மாத அமாவாசையைப் பின்னோக்கிக் கணக்கிட்டுப் பார்த்தால், அவ்வளவு சீக்கிரம் பிறை கண்ணுக்குத் தெரிந்திருக்க வழியில்லை. அந்த வரியை அவர் சொல்லி எழுதவைத்தது ஃபெஸ் நகரத்தில், பயணம் தொடங்கி ஏறக்குறைய முப்பது ஆண்டு கழித்து. 1355-இல்தான் நூல் முடிந்தது. தேதி நினைவிருந்து கிழமை நழுவியிருக்கலாம். விதி இங்கே கைகொடுக்கவில்லை, ஆனால் அந்த நூல் எப்படி உருவானது என்பதை இந்தச் சின்ன முரண் நமக்குக் காட்டிக் கொடுக்கிறது. இப்படிப்பட்ட இடங்கள்தான் என்னைத் திரும்பத் திரும்ப இந்த நூல்களிடம் இழுக்கின்றன.

தேதியை மாற்றி எழுதும்போது தொலைந்துபோவது நாள் மட்டுமல்ல. சுல்தான் ஸலாஹுத்தீன் (சலாதீன்) ஜெருசலேமுக்குள் நுழைந்தது 1187 அக்டோபர் 2, வெள்ளிக்கிழமை. இந்த வடிவத்தில் அது வெறும் தேதி. ஹிஜ்ரியில் அது 583, ரஜப் பிறை 27. நபிகளார் மக்காவிலிருந்து ஜெருசலேமுக்கும் அங்கிருந்து விண்ணுக்கும் சென்ற மிஃராஜ் நினைவு நாள். எந்த நகரத்திலிருந்து அந்த விண்ணேற்றம் நடந்ததோ அந்த நகரம், அதே பிறையில், அதுவும் ஜும்ஆ நாளில் கைக்கு வருகிறது. அன்றைய மக்களுக்கு அது எப்படிப்பட்ட நாளாக இருந்திருக்கும்! அக்டோபர் 2 என்று வாசிக்கிறவருக்கு இதில் எதுவும் தெரியாது. கி.பி. தேதியை மட்டும் தரும் நூல்கள் மேல் எனக்குள்ள மனக்குறை இதுதான்.

படியெடுத்தவர்களால் வந்த பிழைகளும் உண்டு. அரபியில் ஏழு 'ஸப்உ', ஒன்பது 'திஸ்உ'. எழுதிக்காட்டினால் புள்ளிகளில்தான் வேறுபாடு. புள்ளி வைக்காமல் எழுதிவிட்டால் இரண்டும் ஒரே உருவம். எழுபதும் தொண்ணூறும் அப்படியே. ஆரம்பகால எழுத்தில் புள்ளி வைப்பது அரிது. கலீஃபா அப்துல் மலிக் ஹிஜ்ரி 77-இல் வெளியிட்ட தங்க தீனாரிலிருந்து நாணயங்களில் ஆண்டு சொற்களால் பொறிக்கப்பட்டது, அதுவும் புள்ளியில்லாத எழுத்தில். ஒரு சுல்தான் 577-இல் செத்தாரா 579-இலா என்று இரண்டு நூல்கள் முரண்பட்டால், முதலில் சந்தேகப்பட வேண்டியது இந்த இரண்டு சொற்களைத்தான்.

நூல்களின் அமைப்பையும் சொல்ல வேண்டும். 923-இல் மறைந்த அத்-தபரி தன் பெரும் வரலாற்றின் இஸ்லாமிய காலப் பகுதியை ஆண்டு வாரியாக எழுதினார். 'அப்புறம் இன்ன ஆண்டு பிறந்தது' என்று தொடங்கி, அந்த ஆண்டு யார் ஹஜ்ஜுக்குத் தலைமை தாங்கினார் என்று முடிப்பார். இராக்கின் சதுப்பு நிலங்களில் ஸன்ஜ் அடிமைகள் எழுந்த கிளர்ச்சி ஹிஜ்ரி 255 முதல் 270 வரை, கி.பி. 869 முதல் 883 வரை நடந்தது. தபரியில் அது பதினாறு ஆண்டுத் தலைப்புகளில் துண்டு துண்டாகக் கிடக்கும். அந்தத் துண்டுகளை நாம்தான் கோர்த்துக்கொள்ள வேண்டும்.

இதுவரை சொன்னதெல்லாம் வாசிக்கிற நமக்குள்ள தொல்லை. அந்தக் காலத்து மக்களுக்கு இருந்த தொல்லை வேறு. வரி.

நோன்பையும் ஹஜ்ஜையும் பிறை தீர்மானிக்கலாம். கோதுமையை முடியாது. நிலவரியான கராஜை விளைச்சல் வீட்டுக்கு வந்த பிறகுதான் வாங்க முடியும். பாக்தாதின் கலீஃபாக்களான அப்பாசியர் இதற்காகப் பாரசீகரின் நவ்ரூஸ் புத்தாண்டை வரித் தொடக்கமாக வைத்துக்கொண்டார்கள். அதிலும் ஒரு ஓட்டை இருந்தது. பாரசீக ஆண்டு சரியாக 365 நாள். மிச்சமிருக்கும் கால் நாளைக் கவனிக்கவில்லை. நாலு ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் நவ்ரூஸ் முன்னால் நகர்ந்துகொண்டே வந்தது. 632-இல் ஜூன் 16-இல் இருந்த நவ்ரூஸ், 860 வாக்கில் ஏப்ரலுக்கு வந்துவிட்டது. கலீஃபா அல்-முதவக்கில் வேட்டைக்குப் போன இடத்தில் பயிர் இன்னும் பச்சையாக நிற்பதைப் பார்த்தார் என்று அல்-பிரூனி எழுதுகிறார். வரி வசூலைத் தொடங்க அனுமதி கேட்கிறார்களே, ஜனங்கள் எதைக் கொண்டு கட்டுவார்கள் என்று அவர் கேட்டாராம். கடன் வாங்கியும் ஊரைவிட்டு ஓடியும் சமாளிக்கிறார்கள் என்று பதில் வந்தது. நவ்ரூஸைத் தள்ளிவைக்க ஆணையிட்டார். ஆனால் 861-இல் அவர் கொல்லப்பட்டதும் அந்த வேலை அப்படியே நின்றது. 895-இல் கலீஃபா அல்-முஃததித் அதைச் செய்து முடித்தார். நவ்ரூஸை ஜூன் 11-இல் நிறுத்தி, நாலு ஆண்டுக்கு ஒரு நாளையும் சேர்க்க ஏற்பாடு செய்தார்.

இவ்வளவு செய்தும் ஆண்டெண் பிரச்சினை தீரவில்லை. சூரிய ஆண்டில் வசூலாகும் வரிக்கு ஹிஜ்ரி எண்ணைப் பெயராக வைத்தார்கள். 32 அறுவடைக்குள் 33 ஹிஜ்ரி ஆண்டு ஓடிவிடும், ஓர் ஆண்டுக்கு விளைச்சலே இருக்காது. கணக்கர்கள் அந்த ஓர் எண்ணைக் கணக்கிலிருந்து தாண்டிக் குதித்தார்கள். ஹிஜ்ரி 501-இல் எகிப்தில் அமைச்சர் அல்-அஃப்தல் காலத்தில் இப்படி ஒரு திருத்தம் நடந்தது. உஸ்மானியத் துருக்கியில் படைவீரருக்குச் சம்பளம் பிறைக் கணக்கில் போனது, வருமானம் அறுவடைக் கணக்கில் வந்தது. 33 ஆண்டுக்கு ஒரு முறை வருமானமில்லாத ஓர் ஆண்டுக்குச் சம்பளம் கொடுத்தாக வேண்டும். அதற்கு 'நழுவிய ஆண்டு' என்று பொருள்படும் ஒரு பெயரே வைத்திருந்தார்கள்.

ஈரானில் சல்ஜூக் சுல்தான் மலிக்ஷா, உமர் கய்யாம் உள்ளிட்ட வானியலாளர்களைக் கொண்டு வேறு வழி கண்டார். 1079 மார்ச் 15-இல், நாட்காட்டியில் 18 நாட்களைத் தள்ளி, சூரியன் மேஷத்தில் நுழையும் நாளிலேயே நவ்ரூஸை நிலைநிறுத்தினார்கள். ஜலாலி நாட்காட்டி என்று பெயர். இன்றைய ஈரானிய நாட்காட்டி அதன் வழியில் வந்தது.

இந்தியாவுக்கு இதே சிக்கல் முகலாயரோடு வந்தது. 30 அறுவடைக்கு 31 ஆண்டு வரி கட்டும்படி ஆவது குடியானவனுக்கு அநீதி என்பது அக்பர் தரப்பின் வாதம். 1584-இல் ஃபத்துல்லா ஷிராஸியின் கணக்கைக் கொண்டு அவர் சூரிய ஆண்டுக்கு மாறினார், தொடக்கத்தைத் தாம் பட்டமேறிய 1556-க்குக் கொண்டுபோய் வைத்தார். 1556-இல் ஹிஜ்ரி 963 நடந்தது. அந்த 963-ஐ அப்படியே வைத்துக்கொண்டு, அதன் பிறகு சூரியக் கணக்கில் எண்ணினால் கிடைப்பதுதான் வங்காள ஆண்டு. 2025-இலிருந்து 593-ஐக் கழித்தால் 1432. 2025 ஏப்ரலில் வங்காளிகள் வரவேற்ற ஆண்டு அதுதான்.

தக்காணத்தில் இந்த மாற்றம் ஷாஜஹான் காலத்தில், 1636-இல் வந்தது. அப்போது ஹிஜ்ரி 1046. இரண்டுக்கும் வித்தியாசம் 590. அக்பருக்கும் ஷாஜஹானுக்கும் இடைப்பட்ட 80 ஆண்டில் நிலவு மூன்று ஆண்டு முந்திவிட்டதால், 593 இங்கே 590 ஆனது. அறுவடையைக் குறிக்கும் 'ஃபஸ்ல்' என்ற சொல்லிலிருந்து வந்த பெயர் ஃபஸ்லி. தமிழில் நாம் அதைப் பசலி என்கிறோம்.

எங்கள் வீட்டுப் பழைய அடங்கல் நகல் ஒன்றில் 'பசலி 1388' என்று இருக்கும். சிறு வயதில் அதை ஏதோ புல எண் என்றே நினைத்திருந்தேன். 590-ஐக் கூட்டினால் 1978. அந்த ஆண்டு ஜூலையிலிருந்து அடுத்த ஜூன் வரைக்கும் அந்த நிலத்தில் என்ன பயிர் என்பதற்கான பதிவு அது. தமிழ்நாட்டில் ஒவ்வோர் ஆண்டும் மே, ஜூனில் தாலுகா அலுவலகங்களில் ஜமாபந்தி நடக்கிறதே, அது முடியப்போகும் பசலிக்கான கணக்கைத் தீர்ப்பதற்குத்தான்.

2025 ஜூலை 1-இல் பசலி 1435 தொடங்கியது. அப்போது ஹிஜ்ரி 1447 பிறந்து நாலைந்து நாள்தான் ஆகியிருந்தது, முஹர்ரம் முதல் வாரம். 1636-இல் ஒரே எண்ணில் நின்ற இரண்டு கணக்கும் பக்கத்துப் பக்கத்தில் புத்தாண்டு கண்டன, நடுவில் 12 ஆண்டு வித்தியாசத்தோடு.